சுரண்டிய இடம்

என் வரைதல் பெட்டிக்குள் ஒரு பாதிப் பிளேட் கிடக்கிறது. முகம் மழிக்கும் சாதாரண பிளேட்டை நீளவாக்கில் இரண்டாக முறித்து, முறித்த பக்கத்துக்குப் பிளாஸ்டர் சுற்றி, விரலுக்கு அடக்கமாகச் செய்துகொண்டது. இப்போது கறள் ஏறிப் பழுப்பாகிவிட்டது. மெல்பேர்ணின் ரோவில் பகுதியில் இருக்கும் எங்கள் வீட்டில் கராஜை ஒதுக்கும்போதெல்லாம் என் மனைவி அதைக் கண்டுபிடித்துவிடுவாள். “இஞ்சாருங்கோ, உந்தக் கறள் பிடிச்ச பிளேட்டை இன்னும் என்னத்துக்கு வைச்சிருக்கிறியள்? பேரப்பிள்ளை கையை வைச்சால் பிறகு ஏற்பு ஊசிக்கு ஓடவேணும். எறியுங்கோவன்” என்பாள். நியாயமான பேச்சுத்தான். நான் பெட்டியை மூடி மேல்தட்டில் வைத்துவிடுவேன். ஏன் எறியவில்லை என்று அவளுக்கு இருபது வருடமாகச் சொல்லாமலே இருந்தேன்.

கணினி வருவதற்கு முந்திய காலத்தில் படவரைஞர் எல்லோரிடமும் இப்படியொன்று இருந்தது. ட்ரேசிங் தாளில் மையால் போட்ட கோடு பிழைத்துவிட்டால் அழிறப்பர் எடுபடாது. பிளேட்டைச் சாய்த்துப் பிடித்து, மூச்சையும் அடக்கிக்கொண்டு, மையை மட்டும் தூளாகச் சுரண்டி எடுக்கவேண்டும். கொஞ்சம் கூடுதலாக அழுத்தினால் தாள் கிழியும். கொஞ்சம் குறைந்தால் அச்செடுக்கும்போது பழைய கோடு மங்கலாகத் தெரியும். அப்படித் தெரிவதைப் ‘பேய்’ என்போம். சுரண்டியபின் அந்த இடத்தை நகத்தின் முதுகால் தேய்த்து மினுக்கிவிட்டால் பேய் வராது; விரலால் தடவினால் மட்டும் தாள் மெலிந்தது தட்டுப்படும். கொழும்பில் நில அளவைக் கந்தோரில் வேலை பழகிய நாளிலேயே, இவன் சுரண்டினால் பேய் வராது என்று பெயர் எடுத்தவன் நான். அந்தப் பெயரில் எனக்குப் பெருமை வேறு. இன்றைக்கு நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம் போலிருக்கிறது.

எண்பத்து மூன்று ஆடிக் கலவரத்தில் கொழும்பில் நாங்கள் இருந்த வீட்டை எரித்தார்கள். வடக்குக் கரையில் இருந்த எங்கள் ஊருக்கு ஓடினோம். அடுத்த வருடம் அங்கே அம்மா செத்துப்போனார். சேமக்காலையில் அடக்கம் செய்தோம். எங்கள் ஊரில் வேதக்காரரின், அதாவது கிறிஸ்தவர்களின், இடுகாட்டுக்கு அதுதான் பெயர். கல்லறை கட்ட வசதியில்லாதவர்கள் மண்மேட்டைச் சுற்றிக் கடற்சிப்பி பதிப்பது அங்கே வழக்கம். அம்மாவின் மேட்டுக்கு நானே முழங்காலில் நின்று ஒவ்வொன்றாகப் பதித்தேன். பிறகு மதராசுக்கு ஓடி, மனைவியையும் மகளையும் அங்கே ஒரு அறையில் விட்டுவிட்டு, நான் மட்டும் மெல்பேர்ண் வந்து சேர்ந்தேன். இரண்டு வருடம் தொழிற்சாலையில் பெட்டி அடுக்கியபின் ஒரு பொறியியல் நிறுவனத்தின் வரைபட அறையில் இடம் கிடைத்தது. நிறுவனத்தின் பெரிய வேலை ஒரு எண்ணெய்க் கம்பனியுடையது. விக்டோரியாவின் கிழக்குக் கடலில் எடுத்த எண்ணெயைக் கரையிலிருந்து உள்நாட்டுத் தாங்கிகளுக்குக் கொண்டுபோகும் குழாய்க்குப் பாதை வரைவது. அந்த வேலைக் கடிதம் இருந்தால்தான் குடும்பத்தை எடுப்பிக்கலாம். அதனால் கந்தோரில் நான் கல்லுளிமங்கனாக இருந்தேன். சொன்னதைச் செய்வேன். வாய் திறக்கமாட்டேன்.

அன்ரியை நான் முதலில் கண்டது அந்தக் கிழக்குக் கரையில்தான். அன்ரி என்றதும் எங்கள் ஆட்களில் ஒருவர் என்று நினைக்கவேண்டாம். அந்த மண்ணுக்கு உரிய ஆதிக்குடி மக்களும் தங்கள் மூத்த பெண்களை உறவுமுறை வைத்து அன்ரி என்றுதான் அழைப்பார்கள். ஒரு காலத்தில் பாதிரிமாரும் அரசாங்கமும் சேர்ந்து அவர்களைக் கொண்டுவந்து அடைத்துவைத்த மிஷன் குடியிருப்பு அங்கே ஒரு ஏரிக்கரையில் இருந்தது. குழாய் அதன் பின்பக்க மணல்திட்டியைக் கடந்து போகவேண்டும். சட்டத்துக்காக அந்த ஊர் ஆள் ஒருவரைக் கூட்டிக்கொண்டு பாதையை ஒருமுறை நடந்து பார்க்கவேண்டுமாம். அளவையாளருக்குக் குறிப்பெழுதுகிற ஆள் அன்றைக்குச் சுகமில்லாமல் நின்றுவிட்டதால் என்னை ஏற்றிக்கொண்டு போனார்கள். அங்கே நின்றவர் அன்ரி. அறுபது வயதிருக்கும். ஆம்பிளைக் கோட்டு, சேறு படிந்த பூட்ஸ், வாயில் தானே சுருட்டிய சிகரெட். அவர் பேசியது ஆங்கிலம்தான். என் காதில் அது எங்கள் ஊர்ப் பேச்சாகவே நிற்கிறது. அப்படியேதான் எழுதுகிறேன்.

மழை தூறியது. நான் குறிப்புப் புத்தகத்தைச் சட்டைக்குள் ஒளித்துக்கொண்டு நடுங்கிக்கொண்டிருந்தேன். “என்ன மோனை, சீனிக்கட்டியே நீ, கரையிறதுக்கு?” என்று அன்ரி சிரித்தார். அளவையாளர் காருக்குள் இருந்து சான்ட்விச் சாப்பிடும்போது, நாங்கள் இருவரும் ஒரு மரத்துக்குக் கீழே நின்றோம். உன்ரை ஆக்கள் எங்கை என்று கேட்டார். மனைவி, மகள், எரிந்த வீடு எல்லாம் சொன்னேன். அம்மா எங்கே என்றார். சேமக்காலையைப் பற்றியும் சிப்பி பதித்ததைப் பற்றியும் சொன்னேன். ஏன் சொன்னேனோ தெரியாது. இந்த நாட்டில் அதுவரை ஒருவரும் என்னிடம் அம்மாவைப் பற்றிக் கேட்டதில்லை.

அன்ரி சிகரெட்டைக் காலால் மிதித்துவிட்டு, வா என்று தலையை ஆட்டினார். திட்டியின் மறுபக்கம் புல்லை விலக்கிக் காட்டினார். ஒரு பாய் அளவுக்குச் சின்ன வட்டம். சுற்றிவரச் சிப்பிகள், பாதி மணலில் புதைந்து, வெயிலில் வெளுத்துப்போய். ஒருவரும் சொல்லாமலே எனக்கு விளங்கியது. பிள்ளைக் குழி. அது அவருடைய தங்கை. மூன்று வயதில் காய்ச்சலில் போனவள். ஞானஸ்நானம் பெறாத பிள்ளைக்கு மிஷன் கல்லறைத் தோட்டத்தில் இடமில்லை என்று மேற்பார்வையாளன் சொல்லிவிட்டானாம். தாயும் தகப்பனும் இங்கே கொண்டுவந்து புதைத்தார்கள். இடம் தெரிந்தவர்களில் உயிரோடு இருப்பது தான் மட்டும்தான் என்றார் அன்ரி.

குழாய்க்கு அடித்திருந்த மரக்கட்டைகள் அந்த வட்டத்தின் நடுவால் நேர்கோடாகப் போயின. “நாப்பது அடி அங்காலை தள்ளினால் போதும். நீ படத்திலை ஒரு குறி போடு. என்ன ஏதெண்டு எழுதாதை. அவளின்ரை பேரைக் கேக்காதை. செத்த ஆக்களின்ரை பேரை நாங்கள் வாயாலை சொல்றேல்லை. அவள் கிடக்கிற செய்தியும் அவங்களின்ரை புத்தகத்துக்குள்ளை கிடக்கவேண்டாம். குறி மட்டும் காணும். உனக்கு விளங்குந்தானே, நீயும் சிப்பி பதிச்ச ஆள்.” நான் ஓம் என்றேன். வாயால் சொன்ன அந்த ஓமுக்கு ஆங்கிலத்தில் என்ன சொன்னேன் என்று ஞாபகமில்லை. ஓம் என்றது மட்டும் ஞாபகம்.

கந்தோருக்கு வந்து குறியைப் போட்டேன். பென்சிலால் அல்ல, மையால். சின்னப் பெருக்கல் குறி, அதைச் சுற்றி வட்டம். மூன்றாம் நாள் மனேச்சர் படத்தோடு என் மேசைக்கு வந்தார். அவரைப் பொல்லாத மனிதர் என்று எழுதிவிட்டால் எனக்குச் சுகம். அப்படி எழுத முடியாது. முதல் குளிர்காலத்தில் தன்னுடைய கம்பளிச் சட்டையைக் கொண்டுவந்து தந்தவர். வீட்டுக்குக் கூப்பிட்டு இறைச்சி வாட்டித் தந்தவர். என் பெயரைச் சரியாகச் சொல்லிப் பழகியவர் அந்தக் கந்தோரில் அவர் ஒருவர்தான். அந்த நல்ல மனிதர் குறியில் விரலை வைத்து, இது என்ன என்று கேட்டார்.

வரைபட அறையில் ஒரு விதி இருக்கிறது. படத்தின் ஓரத்தில் குறிவிளக்கம் என்று ஒரு கட்டம் இருக்கும்: இந்தக் குறி கிணறு, இந்தக் குறி வேலி, இந்தக் குறி மின்கம்பம். அந்தக் கட்டத்தில் இல்லாத குறி தாளில் இருக்கக்கூடாது. கொழும்பிலும் அதுதான் விதி, மெல்பேர்ணிலும் அதுதான். “ஒன்றில் இது என்னவென்று கட்டத்தில் எழுது, இல்லாவிட்டால் எடுத்துவிடு” என்றார் மனேச்சர். கோபமாக அல்ல. எழுத்துப்பிழை காட்டுகிற குரலில். “யாராவது சொன்னார்களா?” என்று கேட்டார். அப்போது சொல்லியிருக்கலாம். அது ஒரு பிள்ளையின் குழி, நான் கண்ணால் கண்டேன், கோட்டை நாற்பது அடி தள்ளுங்கள் என்று மூன்று வசனம். பெயர் கேட்டால் தெரியாது என்றிருக்கலாம். நான் சொன்னது என்ன தெரியுமா? “நிச்சயமாகத் தெரியாது” என்றேன். “அப்படியென்றால் எடுத்துவிடு, நல்ல பிள்ளை” என்று தோளில் தட்டிவிட்டுப் போனார்.

அன்றைக்கு எனக்கு நானே ஒரு கதை சொல்லிக்கொண்டேன். அன்ரி எழுதவேண்டாம் என்றார், அதனால் நான் எழுதவில்லை. அவருடைய வழக்கத்துக்கு நான் மரியாதை கொடுத்தேன். மண்ணாங்கட்டி மரியாதை! மனைவியின் விசாப் பத்திரத்துக்கு நிறுவனத்தின் கையெழுத்து அந்த மாதம்தான் வரவிருந்தது. அதுதான் உண்மை. பிளேட்டை எடுத்தேன். சாய்த்துப் பிடித்தேன். மூச்சை அடக்கினேன். முதலில் வட்டம், பிறகு குறி. ஊதிவிட்டு, நகத்தின் முதுகால் தேய்த்து மினுக்கினேன். சுரண்டுவதை அரைகுறையாகச் செய்திருக்கலாமே! அச்சில் ஒரு பேயாவது நின்றிருக்குமே! அதுவும் தோன்றவில்லை எனக்கு. கை பழகிய வேலையை ஒழுங்காகச் செய்தது. திருத்தப் பெட்டியில் ‘சிறு திருத்தங்கள்’ என்று எழுதி என் பெயரின் முதல் எழுத்தைப் போட்டேன். புதுப் படம் போனால் பழைய அச்சுகளைக் கிழித்துப் போடவேண்டும் என்பதும் விதி. அதையும் நானே கிழித்தேன்.

சில மாதம் கழித்து மிஷன் மண்டபத்தில் கூட்டம் வைத்தார்கள். சுவரில் படம் குத்த நானும் போனேன். எதையும் ஒளிக்கவில்லை என்று காட்டுவதற்காக, அச்சு மட்டும் காணாது, மூலப் படத்தையும் கொண்டு வா என்று மனேச்சர் சொல்லியிருந்தார். அவருக்கு அந்தக் குறியே மறந்துபோயிருந்தது என்றுதான் நினைக்கிறேன். நினைவில் வைத்திருக்க வேண்டியவன் நான் ஒருவன். மண்டபத்தில் பெரிய கேத்தல் கொதித்தது. அன்ரியின் மகள், அப்போது இருபது வயதிருக்கும், எல்லோருக்கும் தேநீர் ஊற்றித் தந்தார். கம்பனிக்காரர் பேசினார்கள். ஊர் ஆட்களுக்கு வேலை, தெருவுக்குத் தார், சிகிச்சை நிலையத்துக்குப் புதுக் கூரை, ஏரியில் மீன்பிடிக்க ஒரு தடையும் இல்லை. கேட்க நன்றாகத்தான் இருந்தது.

அன்ரி எழுந்து சுவருக்குப் போனார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படத்தைப் பார்த்தார். விரல் திட்டிக்குப் போய் நின்றது. “நான் காட்டின இடம் எங்கை?” என்றார். மனேச்சர் மரியாதையாக, அப்படியொன்றும் எங்களிடம் இல்லையே அம்மா, இதோ மூலமே இருக்கிறது, நீங்களே பாருங்கள் என்றார். நான் உருளையிலிருந்து மூலத்தை எடுத்து விரித்தேன். அன்ரி அதைத் தூக்கி யன்னல் வெளிச்சத்துக்குப் பிடித்தார். ஒன்றும் தெரியவில்லை. தெரியாது, நான் சுரண்டியது. பிறகு அதை மேசையில் போட்டு, அந்த இடத்தைப் பெருவிரலால் மெதுவாகத் தடவினார். தடவிக்கொண்டே நிமிர்ந்து என்னைப் பார்த்தார். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. என் முறை வந்துவிட்டது, பேசு என்பதுபோல் பார்த்துக்கொண்டு நின்றார். நான் குனிந்து உருளையின் மூடியைத் தேடினேன். மூடி என் கையில்தான் இருந்தது.

அன்ரி சபையைப் பார்த்துத் திரும்பினார். “அது என்ரை தங்கச்சி” என்றார். அதோடு நிற்கவில்லை. அவளுடைய பெயரைச் சொன்னார். ஐம்பது வருடமாக வாயால் சொல்லாத பெயர். மண்டபத்தில் இருந்த அவருடைய ஆட்கள் அத்தனை பேரும் தலையைக் குனிந்தார்கள். ஒரு கிழவர் எழுந்து வெளியே போய்விட்டார். அந்தப் பெயரைச் சொல்ல அவருக்கு என்ன ஆகியிருக்கும் என்று அவர்களுக்குத் தெரியும். எனக்கும் தெரியும். மனேச்சர் பேனையைத் திறந்து, அந்தப் பெயரைக் கொஞ்சம் எழுத்தெழுத்தாகச் சொல்ல முடியுமா என்று கேட்டார்.

எழுத்தில் இல்லாததால் அது காலம் பிந்திய முறைப்பாடு என்றார்கள். அத்தாட்சி வேண்டுமென்றால் தோண்டிப் பார்க்கலாம் என்றார்கள். அந்தக் கேள்வியை ஒரு மனிசியிடம், அதுவும் தேநீர்க் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டார்கள்: உன் தங்கை அங்கே கிடக்கிறாளோ என்று பார்க்க நாங்கள் அவளைத் தோண்டட்டுமா? அன்ரி மாட்டேன் என்றார். அப்படியென்றால் அத்தாட்சி இல்லை என்று எழுதிக்கொண்டார்கள். அவர் பொய் சொல்கிறார் என்று ஒருவரும் வாயால் சொல்லவில்லை. ஆனால் போகும்போது காருக்குள் அளவையாளர், “கடைசி நேரத்தில் எல்லோருக்கும் ஒரு புனித இடம் முளைக்கும்” என்று சிரித்தார். மனேச்சர் சிரிக்கவில்லை. நானும் சிரிக்கவில்லை. அதை ஒரு நல்ல குணமாகச் சொல்ல வரவில்லை. பேசவும் இல்லை என்பதைத்தான் சொல்கிறேன்.

அகழி வெட்டினார்கள். நேராகவே வெட்டினார்கள். வேலை முடிந்தபின், போட்டபடியே குழாய் எங்கே இருக்கிறது என்று காட்டும் கடைசிப் படம் என் மேசைக்கு வந்தது. களக் குறிப்பில் அந்த இடத்துக்கு நேரே யாரோ பென்சிலால் ‘சிப்பிகள்’ என்று எழுதியிருந்தார்கள். ஒரு சொல்தான். நான் மனேச்சரிடம் கேட்கக்கூட இல்லை. இந்தமுறை சுரண்டவேண்டிய தேவையும் வரவில்லை, ஏனென்றால் நான் அதை வரையவே இல்லை. அவ்வளவு விரைவில் பழகிப்போனது.

கொடுத்த வாக்குகள் என்ன ஆயின என்று பிறகு அறிந்தேன். வேலை கொடுத்தார்கள்தான்: அகழி மிஷனைத் தாண்டும்வரை, தெருவில் வாகனங்களை மறிக்கும் பலகையைப் பிடித்துக்கொண்டு நிற்கிற வேலை. தாண்டியதும் பலகையையும் வாங்கிக்கொண்டார்கள். திட்டியைச் சுற்றி உயர வேலி போட்டார்கள். கரைக்குப் போய் மட்டி பொறுக்க வேண்டுமென்றால் காவல் கூண்டில் விருந்தாளிப் புத்தகத்தில் பெயர் எழுதவேண்டும். விருந்தாளி! அந்த மணலில் எத்தனை தலைமுறையாக நடந்தவர்கள். நேற்று வந்த நான் கம்பனி அட்டையைக் காட்டிக்கொண்டு நேரே உள்ளே போனேன்.

மனைவியும் மகளும் வந்து சேர்ந்தார்கள். அடுத்த வருடம், தொண்ணூறில், எங்கள் ஊரை இராணுவம் எடுத்தது. சனம் முழுவதும் உடுத்த உடுப்போடு வெளியேறியது. சுற்றிவரக் கம்பி அடித்து, பாதுகாப்பு வலயம் என்று பெயர் வைத்தார்கள். மெல்பேர்ணில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் எங்கள் ஆட்கள் கூட்டம் வைத்தபோது என்னைப் பேசச் சொன்னார்கள். பேசினேன். “என்ரை அம்மாவின்ரை குழிக்கு நான் ஒரு மெழுகுதிரி கொளுத்தேலாமல் கிடக்கு. உவங்கள் மனிசரோ?” என்று கத்தினேன். பெண்கள் அழுதார்கள். ஒரு அங்கிள் வந்து கட்டிப்பிடித்தார். எனக்கும் கண்ணீர் வந்தது, உண்மையான கண்ணீர்தான். ஆனால் கைதட்டலுக்கு நடுவே எனக்கு அன்ரியின் பெருவிரல் ஞாபகம் வந்தது. சாப்பாட்டுக்கு நிற்காமல் வீட்டுக்கு வந்துவிட்டேன். அடுத்த திங்கட்கிழமை வழமைபோல் வேலைக்குப் போனேன். ஒவ்வொரு நவம்பர் இரண்டாம் திகதியும், இறந்தவர்களின் திருநாள் பூசையில், எங்கள் சேமக்காலைக்காக நான்தான் மன்றாட்டு வாசிப்பேன். எத்தனை வருடம்! ஒரு வருடமாவது அந்தத் திட்டியைச் சேர்த்து வாசித்திருக்கலாம்.

அன்ரி செத்துப்போனதை ஒரு பழைய பத்திரிகைத் தாளில் கண்டேன். பக்கத்து வீட்டுக்காரர் சுவருக்கு வர்ணம் அடிக்க விரித்த தாள். பெயர் போடவேண்டாம் என்று குடும்பத்தார் கேட்டதால் பெயரில்லாமல், படமில்லாமல் நாலு வரி. ஏரியின் பெயரையும் மிஷனையும் வைத்துத்தான் விளங்கிக்கொண்டேன். அந்தத் தாளின்மேல் வெள்ளை வர்ணம் சிந்திக்கிடந்தது.

இரண்டாயிரத்து ஒன்பது வைகாசியில் சண்டை முடிந்தது. எப்படி முடிந்தது என்று நான் எழுதத் தேவையில்லை. சில மாதம் போக, அங்கிருந்து என் சித்தப்பாவின் மகன் கணினியில் ஒரு படம் அனுப்பினான். எங்கள் ஊர் வரைபடம். எந்தக் கந்தோரில் கீறியதோ, எவரிடமிருந்து அவனுக்குக் கிடைத்ததோ தெரியாது. அன்றிரவே தொலைபேசியில் வந்தான். “அண்ணை, உதிலை சேமக்காலை இல்லை. எங்கடை வேதக்கோயிலும் இல்லை. சும்மா வெள்ளையாக் கிடக்கு. நீங்கள்தானே படம் கீறுற ஆள், எங்கையெண்டு ஒரு குறி போட்டு அனுப்புங்கோ. எங்களை எப்பவாவது உள்ளுக்கு விட்டாலும் இடம் தெரியவேணுமே.”

படத்தைப் பெரிய தாளில் அச்செடுத்தேன். கடற்கரைத் தெரு இருந்தது. கிணறுகள்கூட இருந்தன. எங்கள் கோயிலும் அம்மாவும் இருந்த இடம் மட்டும் துப்பரவாக வெள்ளை. பைத்தியக்காரன்போல் அதை யன்னலுக்கு நேரே தூக்கிப் பிடித்தேன். கணினிப் படத்தில் எங்கே பேய் வரப்போகிறது? விரலால் தடவியும் பார்த்தேன். எந்தக் கோதாரி விழுவான் இதைச் செய்தான், அவன் கை அழுகாதோ என்று வாய்விட்டுக் கத்தினேன். மனைவி குசினியிலிருந்து ஓடிவந்தாள். குறி போடப் பேனை எடுக்க வரைதல் பெட்டியைத் திறந்தேன். பேனைக்குப் பக்கத்தில் பாதிப் பிளேட் கிடந்தது. அவன் யாரென்று எனக்குத் தெரிந்துவிட்டது. அவனுக்கும் ஒரு மனைவி இருப்பாள், ஒரு பத்திரத்துக்குக் கையெழுத்து வரவேண்டியிருந்திருக்கும், குறிவிளக்கத்தில் இல்லை என்று ஒரு நல்ல மனிதர் தோளில் தட்டியிருப்பார். அவனுடைய வேலையும் சுத்தமாக இருந்தது.

அம்மாவுக்குக் குறி போட்டு அனுப்பிவிட்டு, ட்ரேசிங் தாள் ஒன்றைத் தேடி எடுத்தேன். மிஷனின் பின்பக்கத்தை நினைவிலிருந்து வரைந்தேன். திட்டி, மரம், குழாய், குழாயின் மேல் வட்டத்துக்குள் ஒரு குறி. இந்தமுறையும் என்னவென்று எழுதவில்லை. தனிக் கடதாசியில், அந்தக் குறியைப் போட்டதும் சுரண்டியதும் நான்தான், அன்ரி சொன்னது அவ்வளவும் உண்மை என்று எழுதி, முழுப் பெயரும் போட்டுக் கையெழுத்து வைத்தேன். அடுத்த சனிக்கிழமை கிழக்கே காரை விட்டேன்.

அன்ரியின் மகள் இப்போது அந்த ஊர்ச் சிகிச்சை நிலையத்தில் வேலை செய்கிறார். தலை நரைத்துவிட்டது. அன்றைக்குத் தேநீர் தந்தவரா என்று நான் கேட்கமுன் என்னை அடையாளம் கண்டுவிட்டார். வாசல் படியிலேயே இருத்தினார். உள்ளே வாருங்கள் என்று சொல்லவில்லை. கடதாசியை வாசித்தார். மடித்தார். பிறகு திரும்ப விரித்து வாசித்தார்.

“அம்மாவுக்கு அண்டைக்கே தெரியும். பெருவிரலாலை தடவினவ. மண்டபத்தாலை வந்து எங்களுக்குச் சொன்னவ. நாங்கள் உங்கடை கந்தோருக்கு வந்து சத்தம் போடப் போறமெண்டு நிண்டம். மறிச்சவ. அந்தப் படம் கீறுற பொடியன் தாயைப் புதைச்சவன், அவன் தானா வந்து சொல்லுவான், பொறுங்கோ எண்டவ.”

கடதாசியை மறுபடி மடித்தார்.

“ஒம்பது வருசம் பொறுத்தவ. ஆசுப்பத்திரியிலையும் ஒருக்காக் கேட்டவ, ஆரும் வந்ததோ எண்டு.”

சட்டைப்பையிலிருந்து பிளேட்டை எடுத்தேன். கடதாசியில் சுற்றிக் கொண்டுபோயிருந்தேன். இதைக்கொண்டுதான் சுரண்டினேன், உங்களிடம் தந்துவிட்டுப் போகலாமென்று வந்தேன் என்றேன். சொல்லும்போதே எனக்கு விளங்கியது, அங்கேயும் எதையோ இறக்கி வைத்துவிட்டு ஓடத்தான் பார்த்திருக்கிறேன். அவர் கடதாசியைப் பிரித்துப் பார்த்தார். தொடவில்லை. திரும்பச் சுற்றி என் கையில் வைத்தார்.

“படத்தையும் கடிதத்தையும் வைச்சிருக்கிறன். அது எங்கடை. இது உங்கடை. நீங்களே வைச்சிருங்கோ” என்று சொல்லிக் கதவைச் சாத்தினார்.

ரோவிலுக்கு வரப் பொழுதுபட்டுவிட்டது. பெட்டியைத் திறந்து பிளேட்டைப் பழைய இடத்தில் வைத்தேன். “உதை இண்டைக்காவது எறிஞ்சிட்டியளோ?” என்று மனைவி கேட்டாள். கதிரையை இழுத்து அவளை இருக்கச் சொன்னேன். முழுவதையும் சொன்னேன். அவள் பெட்டியையே பார்த்தாள். பிறகு, “அப்ப நான் இஞ்சை வந்ததே...” என்று தொடங்கி, முடிக்காமல் எழுந்து போய்விட்டாள். அதற்குப் பிறகு கராஜை ஒதுக்கும்போது அவள் அந்தப் பெட்டியைத் தொடுவதில்லை.